பதினேழாம் லைன்

ஆற்றுத் தண்ணீர் முப்பது டிகிரியைத் தாண்டிவிட்டது என்ற தகவல் நான்காவது மாடிக்கு வந்தபோது மதியம் ஒன்று பத்து. அந்த மாடியில் யாரும் ஆச்சரியப்படவில்லை. ஒரு வாரமாக வெயில் மண்டையைப் பிளந்துகொண்டிருந்தது. மனிதனுக்கே தாங்கவில்லை, ஆறு மட்டும் என்ன செய்யும்?

தகவலை வாங்கிக்கொண்டவருக்கு அலுவலகத்தில் இருட்டு சார் என்று பெயர். முகத்துக்கு நேரே யாரும் சொல்ல மாட்டார்கள். முதுகுக்குப் பின்னால் கடைநிலை ஊழியர் முதல் இயக்குநர் வரை அப்படித்தான். நிறத்தை வைத்து வந்த பெயர் இல்லை, வேலையை வைத்து வந்தது. சுற்றுச்சூழல் மற்றும் ஆற்றல் துறையில் அவர் ஆற்றல் பிரிவு. மின்சாரம் போதாத நாட்களில் தலைநகரின் எந்த மின் லைனை எத்தனை மணிக்கு வெட்டுவது என்று பட்டியல் போட்டுக் கையெழுத்துப் போடுகிறவர். இருபத்திரண்டு வருடமாக ஊரின் சாபத்தை மாதச் சம்பளத்துக்கு வாங்கிக்கொண்டிருக்கிறார்.

துறை என்றால் ஒன்றல்ல, இரண்டு. அரசாங்கம் எந்த மயக்கத்தில் இரண்டையும் ஒரே பெயர்ப்பலகைக்குக் கீழே கட்டி வைத்ததோ தெரியாது. நடைபாதைக்கு இந்தப் பக்கம் ஊரில் விளக்கு எரிய வேண்டும் என்று கவலைப்படுகிறவர்கள். அந்தப் பக்கம் ஆற்றில் மீன் பிழைக்க வேண்டும் என்று கவலைப்படுகிறவர்கள். நடுவில் ஒரு தண்ணீர்க் குழாய். மின் நிலையம் ஆற்றிலிருந்து தண்ணீரை எடுத்துத் தன் சூட்டை ஆற்றிக்கொண்டு, சூடான தண்ணீரைத் திரும்ப ஆற்றிலேயே விடும். ஆறு முப்பது டிகிரியைத் தாண்டினால் நிலையம் பாதி வேகத்துக்கு இறங்கியே ஆகவேண்டும் என்பது சட்டம். சட்டத்தின் சாவி எதிர் அறையில் இருக்கும் அம்மாளிடம். நிலையம் இறங்கினால் குறைகிற மின்சாரத்துக்கு யார் இருட்டில் உட்காருவது என்பது இருட்டு சாரிடம். மாமியாரும் மருமகளும் ஒரே அடுப்பில் சமைப்பது மாதிரிதான் இரண்டு பிரிவும் காலம் தள்ளின.

அன்றைக்குப் பற்றாக்குறை இதுவரை இல்லாத அளவு. விலக்குப் பட்டியலில் இல்லாத லைன்கள் அத்தனையையும் இரண்டு மணி முதல் நான்கு மணி வரை வெட்டியாக வேண்டும். விலக்குப் பட்டியல் என்பது எந்நாளும் வெட்டக்கூடாத லைன்களின் பட்டியல். மருத்துவமனை, தீயணைப்பு நிலையம், குடிநீர் ஏற்றும் இடம், அப்புறம் சொல்லவே வேண்டாம், அமைச்சர்கள் குடியிருக்கும் தெரு. அவர் மளமளவென்று கையெழுத்துப் போட்டுக் கட்டுப்பாட்டு அறைக்கு அனுப்பினார். ஒன்று இருபதுக்கு, வெட்டப்போகிற லைன்களில் இருக்கிறவர்களுக்கெல்லாம் கைபேசியில் எச்சரிக்கைச் செய்தி போய்ச் சேர்ந்தது.

ஒன்று இருபத்திரண்டுக்கு மனைவியிடமிருந்து அழைப்பு.

"என்னங்க, ரெண்டு மணிக்குக் கரண்ட் கட்டா?"

"ஆமா. நம்ம வீட்டுக்கும் சேத்துத்தான். நீ ஆஸ்பத்திரியிலதானே இருக்கே? உனக்கு என்ன?"

மனைவிக்கு இரண்டு சிறுநீரகமும் பழுது. வாரம் மூன்று நாள் ரத்தத்தை உடம்புக்கு வெளியே எடுத்து, இயந்திரத்தில் சுத்தம் செய்து, திரும்ப ஏற்ற வேண்டும். இத்தனை நாள் ஒரு தனியார் மருத்துவமனையில் நடந்தது. இந்த வாரம்தான் அரசு மருத்துவமனையில் இடம் கிடைத்தது. இன்றைக்கு இரண்டாவது முறை.

"எனக்கு ஒண்ணும் இல்லை," என்றாள் மனைவி. "இங்க இருக்கறவங்கதான் ஓடுறாங்க. கட்டில் கட்டிலா வந்து கைப்பிடி மாட்டிட்டுப் போறாங்க."

"என்ன கைப்பிடி?"

"மிஷின் நின்னா கையால சுத்தறதுக்காம். ரத்தம் குழாயிலேயே நின்னுட்டா உறைஞ்சுடுமாமே. பன்னெண்டு மிஷின் ஓடுது, நர்ஸுங்க நாலே பேரு. அதனால இப்பவே ஒவ்வொருத்தரா கழட்ட ஆரம்பிச்சுட்டாங்க. நான் கடைசியா ஏறினவ, கடைசியாத்தான் இறக்குவாங்க போல."

அவருக்குச் சிரிப்பு வந்தது. "அட, அவங்களுக்கு விஷயம் தெரியலை. ஆஸ்பத்திரியை யாரும் வெட்ட முடியாது. விலக்குப் பட்டியல்ல மூணாவது பேரே உங்க ஆஸ்பத்திரிதான். நான் எழுதின பட்டியல்மா அது. நிம்மதியா படு."

"நீங்க சொல்றீங்க. இந்த நர்ஸு சொல்றா, ஒவ்வொரு தடவையும் போகுதாம்."

"ஒவ்வொரு தடவையுமா?"

"அப்படித்தான் சொல்றா. இருங்க, பக்கத்துக் கட்டில்ல கழட்ட வந்துட்டாங்க." வைத்துவிட்டாள்.

அவர் போனை மேசைமேல் வைத்தார். பிறகு, தன்னைத் தானே தேற்றிக்கொள்வதற்காகத்தான், விலக்குப் பட்டியலைத் திரையில் திறந்தார். மூன்றாவது வரி: அரசுத் தலைமை மருத்துவமனை. முகவரி: வடக்குச் சாலை. லைன் எண்: ஒன்பது. எல்லாம் சரியாகத்தான் இருந்தது. மூடப் போனவர் கை அப்படியே நின்றது.

வடக்குச் சாலைக்கு ஒன்பதாம் லைன் போவதில்லை. அங்கே போவது பதினேழு.

மூன்று வருடத்துக்கு முன்னால் மருத்துவமனை பழைய கட்டடத்திலிருந்து வடக்குச் சாலைக்கு இடம் மாறியது. மாறிவிட்டோம் என்று கடிதம் எழுதினார்கள். கடிதம் அவரிடம்தான் வந்தது. முகவரிக் கட்டத்தில் பழையதை அடித்துவிட்டுப் புதியதை எழுதியவர் அவர்தான். லைன் எண்ணை மாற்றுவதற்கு வேறு படிவம், அது மின் வாரியத்திலிருந்து வர வேண்டும். வரவில்லை. வரவில்லையே என்று கேட்க வேண்டிய ஆளும் அவர்தான். கேட்கவில்லை. அன்றிலிருந்து பட்டியலில் மருத்துவமனையின் பெயர் இருக்கிறது, முகவரி இருக்கிறது, மின்சாரம் மட்டும் மருத்துவமனை காலி செய்துவிட்டுப் போன கட்டடத்துக்குப் போய்க்கொண்டிருக்கிறது. பார்க்கிறவர் கண்ணுக்கு எல்லாம் ஒழுங்கு. அவரே நூறு முறை பார்த்திருப்பார்.

மணி ஒன்று இருபத்தெட்டு.

மருத்துவமனையில் ஜெனரேட்டர் இருக்குமே என்று ஒரு நினைப்பு வந்தது. மனைவியைத் திரும்பக் கூப்பிட்டார். எடுக்கவில்லை. எழுந்து நடைபாதையைத் தாண்டி எதிர் அறைக்கு ஓடினார். ஐம்பத்தாறு வயதில் அவர் ஓடி அந்த மாடியில் யாரும் பார்த்ததில்லை.

எதிர் அறை அம்மாளை எல்லோரும் மீனம்மா என்பார்கள். அதுவும் பட்டப்பெயர்தான். நான்கு வருடத்துக்கு முன்னால் மேலிடம் கெஞ்சியது என்று ஆற்றின் டிகிரி வரம்பை இரண்டே இரண்டு நாள் தளர்த்தினார். மூன்றாம் நாள் பதினோரு கிலோமீட்டருக்குக் கரையெங்கும் செத்த மீன். அந்தப் புகைப்படத்தைச் சட்டம் போட்டுத் தன் மேசைக்கு எதிரே மாட்டிவைத்திருக்கிறார். அரை டிகிரி கேட்டு வருகிறவர்களை முதலில் அதைப் பார்க்கச் சொல்வார்.

"மேடம், ரெண்டே மணி நேரம். அரை டிகிரி விட்டுக்குடுங்க," என்றார் இருட்டு சார், கதவைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்கியபடி.

"அங்க பாருங்க சார்," என்று புகைப்படத்தைக் காட்டினார் மீனம்மா.

"பாத்தாச்சு மேடம், ஆயிரம் தடவை பாத்தாச்சு. இது வேற." மூச்சு விடாமல் எல்லாவற்றையும் சொன்னார். இடம் மாறியது, முகவரி, ஒன்பது, பதினேழு, கைப்பிடி. மனைவி அங்கே படுத்திருப்பதை மட்டும் சொல்லவில்லை. சொல்லக்கூடாது என்று முடிவு செய்து மறைக்கவில்லை, வாய் அந்த இடத்துக்கு வரும்போது தானாக வளைந்து போனது.

மீனம்மாவின் முகம் மாறியது. "ஜெனரேட்டர்?" என்றார். கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் தன் கணினியில் எதையோ தேடினார். கண்டுபிடித்தார். படித்தார். நாற்காலியில் சாய்ந்துகொண்டார்.

"என்ன மேடம்?"

"அவங்க ஜெனரேட்டருக்கு அனுமதி கேட்டிருக்காங்க. புகை விஷயம், எங்க கிட்டதான் வரும். நான் முடியாதுன்னு எழுதியிருக்கேன்." படித்துக் காட்டினார். "விலக்குப் பட்டியலில் உள்ள மருத்துவமனை என்பதால் மின்வெட்டுக்கு வாய்ப்பில்லை, எனவே குடியிருப்புப் பகுதியில் டீசல் ஜெனரேட்டர் அவசியமில்லை."

இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பன்னிரண்டு அடி அகல நடைபாதை. அந்தப் பக்கத்துக் காகிதத்தை இந்தப் பக்கம் நம்பியது, அவ்வளவுதான். இவர் எழுந்து அங்கே போய் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் போதும், அவர் எழுந்து இங்கே வந்திருந்தாலும் போதும். அதிகாரிகள் எழுந்து வருவதில்லை, காகிதம்தான் வரும்.

"ஆத்தை விட்டுக்குடுக்க மாட்டேன் சார்," என்றார் மீனம்மா மெதுவாக. "அது தப்பு பண்ணலை, நாமதான் பண்ணினோம். பதினேழை எடுத்துட்டு வேற லைனை வெட்டுங்க."

"விலக்கு இல்லாத லைன் ஒண்ணுகூட மிச்சம் இல்லை. அத்தனையும் பட்டியல்ல போயாச்சு. ஒரு லைன் குறைஞ்சாலும் மொத்தமும் உக்காந்துடும், ஊரே போயிடும்."

"அப்ப ஒன்பதை வெட்டுங்க. பழைய கட்டடத்துல இப்ப ஆஸ்பத்திரி இல்லையே. போன மாசம் சாக்கடைப் புகாருக்கு நானே போய்ப் பாத்தேன். கீழ சோபா கடை, மேல உடற்பயிற்சிக் கூடம். அரசாங்கச் செலவுல மூணு வருஷமா ஒரு நிமிஷம்கூட கரண்ட் போகாம நின்ன இடத்துலயே ஓடிக்கிட்டிருக்கானுங்க."

வேறு நாளாக இருந்தால் இருவரும் சிரித்திருப்பார்கள்.

பட்டியலை அன்றைக்கு மட்டும் மாற்ற ஒரு வழி இருந்தது. பிரிவுக்கு ஒருவராக இரண்டு அதிகாரிகள் கையெழுத்துப் போட்டால் அவசர மாற்றம் செல்லும். மீனம்மா தாளை இழுத்து எழுத ஆரம்பித்துவிட்டார். இருட்டு சார் அவருடைய கையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"மேடம், ஒரு விஷயம். பதினேழுல என் சம்சாரம் படுத்திருக்கா."

பேனா நின்றது.

ஒவ்வொரு வருடமும் முதல் வாரத்தில் ஆற்றல் பிரிவில் எல்லோரும் ஒரு படிவத்தில் கையெழுத்துப் போடுவார்கள். ரத்த உறவோ திருமண உறவோ இருக்கும் லைனை நான் தொடமாட்டேன் என்று. முன்பு ஓர் அதிகாரி மாமனாரின் ஐஸ் தொழிற்சாலையை இரண்டு கோடைக்காலம் வெட்டாமல் பாதுகாத்து, விஷயம் வெளியே வந்து, துறையின் மானம் கப்பலேறிய பிறகு வந்த விதி. மீறினால் வேலை போகும்.

"ஏன் சார் சொன்னீங்க?" என்றார் மீனம்மா. அவருடைய குரலில் கோபம் இருந்தது. "சொல்லாம இருந்தா நான் பாட்டுக்குக் கையெழுத்துப் போட்டிருப்பேனே. உங்க பிரிவுல வேற யாராவது இருக்காங்களா?"

"ஒருத்தர் இருக்கார். லீவு."

"அப்ப இயக்குநர்கிட்ட போங்க. ஓடுங்க."

மணி ஒன்று முப்பத்தேழு.

இயக்குநர் தன் அறையில் நின்றுகொண்டே கேட்டார். கெட்ட மனிதர் இல்லை. ஆனால் ஓய்வு பெற ஏழு மாதம் பாக்கி இருக்கிற மனிதர். முழுவதையும் கேட்டுவிட்டு, "பட்டியலைக் காட்டுங்க," என்றார். காட்டினார்கள்.

"இதுல ஒன்பது என்னன்னு போட்டிருக்கு?"

"ஆஸ்பத்திரின்னு, சார். அதான் தப்புன்னு..."

"நான் சொல்றதைக் கேளுங்க. காகிதத்துல ஒன்பது ஆஸ்பத்திரி. பதினேழு குடியிருப்பு. அதிகாரி சம்சாரம் பதினேழுல இருக்காங்க. அதிகாரி பதினேழைக் காப்பாத்தறதுக்காக ஆஸ்பத்திரி லைனை வெட்டினாரு. நாளைக்குக் காலையில பேப்பர்ல இப்படித்தான் வரும். இதுல நான் எங்க கையெழுத்துப் போடறது?"

"சார், அங்க பன்னெண்டு பேர் படுத்திருக்காங்க."

"நர்ஸுங்க கழட்டிக்கிட்டிருக்காங்கன்னு நீங்கதானே சொன்னீங்க? ரெண்டு மணிக்குள்ள முடிச்சுடுவாங்க. விலக்கு லைனைத் தொட நான் கையெழுத்துப் போடணும்னா அமைச்சர் சொல்லணும். அவர் விமானத்துல இருக்கார், மூணு மணிக்குத்தான் இறங்குவார்." குரலைத் தாழ்த்தினார். "உங்க நிலைமை புரியுது. ஆனா நீங்க இந்த ஃபைலைத் தொடக்கூடாது. உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன், வீட்டுக்குக் கிளம்புங்க."

நடைபாதையில் இறங்கும்போது கைபேசி அடித்தது. மனைவி.

"என்னங்க, கூப்பிட்டீங்களா? கை ஒண்ணு ஊசியில மாட்டிக்கிட்டிருக்கு, எடுக்க முடியலை."

"எத்தனை பேரைக் கழட்டியாச்சு?"

"அஞ்சு. ஒரு பெரியவருக்குக் கழட்டும்போது மயக்கம் வந்துடுச்சு, ரெண்டு நர்ஸு அவர்கிட்ட நிக்கிறாங்க. மிச்சம் ஏழு பேர் இருக்கோம்." கொஞ்சம் நிறுத்தினாள். சாதாரணமாகத்தான் பேசிக்கொண்டிருந்தாள், ஆனால் முப்பது வருடம் கூட வாழ்ந்தவருக்கு அந்த நிறுத்தம் போதும். "பட்டியல்ல பேரு இருக்குன்னீங்களே. இருக்குதானே?"

"இருக்கு," என்றார். பொய் இல்லை. அதுதான் கொடுமை.

மணி ஒன்று நாற்பத்தாறு. திரும்ப மீனம்மாவின் அறைக்குள் நுழைந்தார். மேசைமேல் அந்தத் தாள் எழுதி முடித்து, மீனம்மாவின் கையெழுத்தோடு கிடந்தது. இருட்டு சாரின் கையெழுத்துக்கான இடம் காலியாக இருந்தது.

"என்ன சொன்னார்?"

"வீட்டுக்குப் போகச் சொன்னார்."

"நீங்க?"

அவர் பேனாவை எடுத்தார். மீனம்மா தாளின் மேல் கையை வைத்தார்.

"ஒண்ணே ஒண்ணு சார். ஒன்பதுல சோபா கடை மட்டுமா இருக்கு? பின்னால ரெண்டு தெரு இருக்கு. அங்க வீட்டுல யாராவது ஆக்சிஜன் மிஷின்ல இருந்தா? அவங்களுக்கு எச்சரிக்கைகூட போகலையே."

இருபத்திரண்டு வருடத்தில் எந்த லைனுக்கும் அந்தக் கேள்விக்கு அவரிடம் பதில் இருந்ததில்லை. இன்றைக்குத்தான் யாரோ கேட்கிறார்கள். "எனக்குத் தெரியாது மேடம்," என்றார். "எச்சரிக்கை இப்பவே போகச் சொல்றேன். பத்து நிமிஷமாவது கிடைக்கும்." மீனம்மா கையை எடுத்தார். இருட்டு சார் கையெழுத்துப் போட்டார். தாளைப் படம் பிடித்து அனுப்பிவிட்டுக் கட்டுப்பாட்டு அறையைக் கூப்பிட்டார்.

கட்டுப்பாட்டு அறைக்காரர் குரல் மட்டும் தெரிந்த மனிதர். பத்து வருடமாகப் பேசியும் நேரில் பார்த்ததில்லை.

"சார், தாள் வந்துச்சு. பதினேழை விட்டுட்டு ஒன்பதை வெட்டணும்னு போட்டிருக்கு. ஒன்பது ஆஸ்பத்திரி சார்."

"இல்லை. ஆஸ்பத்திரி பதினேழுல இருக்கு. பட்டியல் தப்பு."

"பட்டியல்ல உங்க கையெழுத்துதானே சார் இருக்கு?"

"ஆமா. தப்பும் என்னுதுதான்."

அந்தப் பக்கம் பின்னால் யாரோ எண்களைச் சொல்லிக்கொண்டிருப்பது கேட்டது. "சார், தப்பா நினைக்காதீங்க. ஆஸ்பத்திரின்னு எழுதியிருக்கற லைனை நான் வெட்டி, அங்க யாருக்காவது ஒண்ணு ஆச்சுன்னா, ஜெயிலுக்கு நான்தான் போவேன். எனக்கு ரெண்டு பொண்ணுங்க."

"வடக்குச் சாலை ஆஸ்பத்திரிக்கு நீங்களே போன் போடுங்க. மின்வெட்டுச் செய்தி வந்துச்சான்னு மட்டும் கேளுங்க. விலக்கு லைனுக்குச் செய்தி போகாதுல்ல? வந்துச்சுன்னு சொன்னா, அவங்க பதினேழுல இருக்காங்க."

"இருங்க."

ஒன்று ஐம்பத்தொன்று. காத்திருந்தார். ஐம்பத்திரண்டு. மீனம்மா எழுந்து போய்ச் சன்னல் பக்கம் நின்றுகொண்டார். ஐம்பத்து நான்கு. ஒருவேளை மருத்துவமனையில் போனை எடுக்க ஆள் இல்லையோ, எல்லாக் கையும் ஊசி கழட்டுவதில் இருக்கிறதோ என்று நினைத்தார். கடவுளை அவர் அலுவலக நேரத்தில் கூப்பிடும் பழக்கம் இல்லை. கூப்பிட்டார்.

"சார்." குரல் வந்தது. "ஒரு நர்ஸம்மா எடுத்தாங்க. கத்தறாங்க சார். 'செய்தி வந்துச்சா'ன்னு கேட்டா, 'மூணு வருஷமா வருது, இப்பதான் கேக்கறீங்களா'ங்கறாங்க." தொண்டையைச் செருமினார். "பதினேழை எடுத்துட்டேன். ஒன்பதுக்கு எச்சரிக்கை அனுப்பிட்டேன். ரெண்டு மணிக்கு வெட்டறேன்."

இரண்டு மணிக்கு நகரம் அணைந்தது. நான்காவது மாடியில் மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது, ஏனென்றால் துறையும் விலக்குப் பட்டியலில்தான் இருந்தது. இரண்டு மூன்றுக்கு மனைவியிடமிருந்து ஒரு வரி: "போகலை. ஓடுது." அவர் மேசையில் தலையைக் கவிழ்த்துக்கொண்டு அழுதார். மீனம்மா கதவைச் சாத்திவிட்டுப் போனார்.

சாயங்காலம் மனைவியைக் கூட்டிவரப் போனார். காரில் அவள் வழக்கத்தைவிடக் குறைவாகப் பேசினாள். பாதி தூரம் வந்த பிறகு சொன்னாள்.

"அந்த நர்ஸு கூட பேசிக்கிட்டிருந்தேன். போன வருஷம் இப்படித்தான் வெயில் காலத்துல போச்சாம். ஒரு தையல் டீச்சர் இருந்தாங்களாம். கைப்பிடி சுத்திக்கிட்டிருந்தவளுக்குக் கை மரத்துப்போய், ஆள் மாத்தறதுக்குள்ள குழாய்ல ரத்தம் உறைஞ்சிடுச்சாம். அன்னைக்குச் சாயங்காலமே போயிட்டாங்களாம்."

அவர் சாலையைப் பார்த்தபடி ஓட்டினார்.

"புகார் எழுதினாங்களாம். துறையிலேர்ந்து பதில் வந்துச்சாம். உங்க ஆஸ்பத்திரி விலக்குப் பட்டியல்ல இருக்கு, மின்வெட்டு நடந்திருக்க வாய்ப்பே இல்லை, உங்க ஒயரிங்கைச் சரிபாருங்கன்னு." மனைவி சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். "யார் கையெழுத்து போட்டிருந்ததுன்னு நான் கேக்கலை."

மூன்று வாரம் கழித்து விசாரணை வைத்தார்கள். தலைமை தாங்க வெளியிலிருந்து ஓய்வுபெற்ற ஒரு பெண் நீதிபதி வந்தார். பக்கத்தில் இயக்குநர். சுவரோரம் மீனம்மா, அவருக்கும் ஓலை வந்திருந்தது. குற்றச்சாட்டு ஒன்றே ஒன்று: உறவினர் இருந்த லைனைத் தொட்டது.

இருட்டு சாருடைய மைத்துனர் வக்கீல். முந்தின நாள் வந்து பாடம் நடத்திவிட்டுப் போயிருந்தார். "மச்சான், ஒரே வரி. 'பன்னெண்டு நோயாளிகளுக்காகச் செஞ்சேன், யார் இருந்தாலும் செஞ்சிருப்பேன்.' அதுக்கு மேல வாயைத் திறக்காதீங்க. எழுத்துப் பிழையைச் சரியான நேரத்துல கண்டுபிடிச்ச அதிகாரின்னு ஃபைலை மூடிடுவாங்க. பாராட்டுக் கடிதம்கூட குடுத்தாலும் குடுப்பாங்க."

விசாரணை அப்படித்தான் போய்க்கொண்டிருந்தது. ஒன்பதாம் லைனில் யாருக்கும் எதுவும் ஆகவில்லை. சோபா கடைக்காரர் மட்டும் புகார் கொடுத்திருந்தார். ஏழு நோயாளிகள் நன்றிக் கடிதம் எழுதியிருந்தார்கள். நீதிபதி கண்ணாடியைக் கழற்றி வைத்தார். அவருக்கும் சீக்கிரம் முடிக்கும் அவசரம் இருந்தது.

"கடைசியா ஒரு கேள்வி. பதிவுக்காகக் கேட்கிறேன். அன்றைக்கு உங்கள் மனைவி அங்கே இல்லாமல் இருந்திருந்தாலும், நீங்கள் இதையேதான் செய்திருப்பீர்களா?"

இயக்குநர் முன்கூட்டியே தலையை ஆட்டினார். பதில் எல்லோருக்கும் தெரியும் என்பது போல.

"இல்லைங்க," என்றார் அவர்.

"என்ன?"

"பட்டியலைத் திறந்தே பாத்திருக்க மாட்டேன். பதினஞ்சாவது தடவையா வெட்டியிருப்பேன்."

நீதிபதி கண்ணாடியைத் திரும்பப் போட்டுக்கொண்டார். "பதினைந்தாவது என்றால்?"

"வேண்டாம், விடுங்க," என்றார் இயக்குநர் தாழ்ந்த குரலில்.

இருட்டு சார் சட்டைப்பையிலிருந்து ஒரு தாளை எடுத்துப் பிரித்தார். ஆஸ்பத்திரி இடம் மாறிய நாளிலிருந்து பதினேழாம் லைனை வெட்டிய தேதிகள், நேரத்தோடு. தன் பதிவேடுகளிலிருந்து தானே எழுதி எடுத்தது. மூன்று இரவு தூங்காமல் பார்த்திருக்கிறார், ஒரு தேதிகூட தப்பாக இருந்துவிடக் கூடாதென்று.

"பதினாலு தடவை. எல்லாத்துலயும் என் கையெழுத்து. புகாருக்குப் போன பதில்லயும் என் கையெழுத்துதான். படிக்கலாங்களா?"

சுருக்கெழுத்தாளர் புதுப் பக்கம் திருப்பினார். அவர் முதல் தேதியிலிருந்து ஆரம்பித்தார். நாள், மாதம், வருடம், எத்தனை மணியிலிருந்து எத்தனை மணி வரை. பட்டியல் படித்துப் பழகிய குரல், எங்கும் தடுக்கவில்லை. ஒன்பதாவது தேதி தையல் டீச்சருடையது. அதைப் படித்துவிட்டு அடுத்ததற்குப் போக முடியாமல் அவர் நின்றார். அந்த அம்மாளின் பெயரைக்கூடத் தான் கேட்டுவைத்துக்கொள்ளவில்லை என்று அப்போதுதான் அவருக்கு உறைத்தது.